பெட்டி ஆமையின் தண்ணீரும் தொட்டியும்: சிங்கப்பூர் வீடுகளில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வீடமைப்பு வளர்ச்சிக் கழக (வீவக) வீடுகளில் பெட்டி ஆமை வளர்ப்பவர்கள் கேட்கும் கேள்விகள் எங்கே தொடங்கினாலும் தண்ணீரில்தான் வந்து முடிகின்றன. நாற்றம், பாசி, கண் வீக்கம், கொசு, பாட்டியின் புகார் எல்லாவற்றுக்கும் வேர் தொட்டியின் அடியில் கிடக்கிறது. மாதம் ஒருமுறை எல்லாவற்றையும் வெளியே எடுத்துத் தேய்த்துக் கழுவுவதுதான் சுத்தம் என்று பலரும் நம்புகிறார்கள். என் அனுபவம் வேறு. தினமும் இரண்டு நிமிடம் கை வைப்பவரின் தொட்டி, மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமையை அதற்கென்று ஒதுக்குபவரின் தொட்டியைவிட எப்போதும் நலமாக இருக்கிறது. கீழே உள்ள பதில்கள் எல்லாம் அந்த நம்பிக்கையிலிருந்து எழுதப்பட்டவை.

பெட்டி ஆமை என்று இங்கே எதைச் சொல்கிறீர்கள்?

மலாயப் பெட்டி ஆமையை. கருத்து மேடான ஓடு, தலையின் பக்கவாட்டில் மஞ்சள் கோடுகள், வயிற்றுப் பக்க ஓட்டின் நடுவே கீல்போன்ற ஒரு மடிப்பு. பயந்தால் தலையையும் கால்களையும் உள்ளே இழுத்து, அந்த மடிப்பை உயர்த்தி இறுக மூடிக்கொள்ளும். வளர்ந்த ஆமையின் ஓடு 20 சென்டிமீட்டர் அளவுக்கு நீளும். நன்றாகப் பார்த்துக்கொண்டால் 25, 30 ஆண்டுகள் வாழும்.

சிங்கப்பூரில் வீட்டில் வளர்க்க அனுமதி உள்ள ஆமைகள் இரண்டே வகை: சிவப்புக் காது ஆமை, மலாயப் பெட்டி ஆமை. ஊரிலிருந்து யாராவது நட்சத்திர ஆமையைக் கொண்டுவந்து தருவதாகச் சொன்னால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். அது இந்தியாவிலும் குற்றம், இங்கேயும் குற்றம். மலாயப் பெட்டி ஆமை இந்தத் தீவுக்குச் சொந்தமான உயிர்தான். ஆனால் பூங்காவிலோ கால்வாய் ஓரத்திலோ பார்த்ததை எடுத்துவரக் கூடாது. காடுகளில் அதன் எண்ணிக்கை குறைந்துகொண்டே வருகிறது. உரிமம் பெற்ற கடையிலிருந்து வந்த ஆமை மட்டுமே வீட்டு ஆமை.

இணையத்தில் ஓர் ஆழமற்ற தட்டில் தண்ணீர் வைத்தால் போதும் என்கிறார்களே?

அது அமெரிக்கப் பெட்டி ஆமைக்குச் சொல்வது. பெயர் ஒன்று, இனம் வேறு. அமெரிக்கப் பெட்டி ஆமை காட்டுத் தரையில் இலைச்சருகுக்குள் வாழ்வது. குடிக்கவும் ஊறவும் ஒரு தட்டு அதற்குப் போதும். நம் மலாயப் பெட்டி ஆமை குளத்திலும் சதுப்பிலும் வயல் நீரிலும் வாழ்வது. குஞ்சுப் பருவத்தில் பெரும்பாலான நேரம் தண்ணீருக்குள்ளேயே இருக்கும். வளர்ந்த பிறகும் நீந்தும், நீருக்குள் தின்னும், நீருக்குள்ளேயே கழிக்கும், இடையிடையே கரையேறி நடக்கும்.

அமெரிக்கக் குறிப்பைப் படித்துவிட்டு மலாய ஆமையைக் காய்ந்த பெட்டியில் வைத்திருப்பவர்களைப் பார்த்திருக்கிறேன். தோல் வறண்டு, கண் ஒட்டிப்போய், ஒரு மூலையில் கிடக்கும். எந்தக் குறிப்பைப் படித்தாலும் அது எந்த ஆமைக்கு எழுதப்பட்டது என்பதை முதலில் பாருங்கள்.

தண்ணீர் எவ்வளவு ஆழம் இருக்க வேண்டும்?

குஞ்சுக்கு, அது அடியில் நின்று கழுத்தை நீட்டினால் மூக்கு வெளியே வரும் அளவு. வளர்ந்த ஆமைக்கு 20 சென்டிமீட்டர் ஆழம் தரலாம். ஆனால் ஏறிவரச் சரிவான கரை கட்டாயம் வேண்டும். மூன்றடித் தொட்டியில், அதாவது 90க்கு 45 சென்டிமீட்டர் தரையளவில், 20 சென்டிமீட்டர் உயரத்துக்கு ஊற்றினால் ஏறத்தாழ 80 லிட்டர் ஆகும். 80 லிட்டர் என்றால் 80 கிலோ. மெல்லிய மேசைமேல் வைக்காதீர்கள்.

தண்ணீர் கூடக் கூட அழுக்கு நீர்த்துப்போகும், நமக்கு அவகாசம் கிடைக்கும். சின்னத் தொட்டி சுலபம் என்று நினைத்து வாங்குகிறோம். உண்மையில் சின்னத் தொட்டிதான் அதிகம் வேலை வாங்கும்.

தண்ணீர் கண்ணாடிபோலத் தெளிவாக இருக்கிறது. அப்படியும் மாற்ற வேண்டுமா?

மாற்ற வேண்டும். தெளிந்த தண்ணீரைச் சுத்தமான தண்ணீர் என்று எடுத்துக்கொள்வதால்தான் பல ஆமைகள் நோயில் விழுகின்றன.

ஆமையின் கழிவிலிருந்தும், தின்னாமல் விட்ட தீனி அழுகுவதிலிருந்தும் அமோனியா வருகிறது. அது கண்ணுக்குத் தெரியாது. குறைந்த அளவில் மூக்குக்கும் தெரியாது. ஆனால் ஆமையின் கண்ணையும் தோலையும் அரிக்கத் தொடங்கிவிடும். நம் ஊர் வெப்பம் இதற்கு உதவி செய்யாது. தண்ணீர் எவ்வளவு சூடாகவும் காரத்தன்மையுடனும் இருக்கிறதோ, அமோனியாவின் நச்சுத்தன்மை அவ்வளவு கூடும். ஆண்டு முழுவதும் 28, 29 டிகிரியில் நிற்கும் தொட்டியில் அழுகல் விரைவாக நடக்கும்.

இதைச் சமாளிக்க இயற்கை ஓர் ஏற்பாடு வைத்திருக்கிறது. ஃபில்டர் பஞ்சிலும், கற்களிலும், தொட்டிச் சுவரிலும் ஒருவகை நுண்ணுயிரிகள் குடியேறும். அவற்றில் ஒரு கூட்டம் அமோனியாவை நைட்ரைட்டாக மாற்றும். அதுவும் நச்சுதான். இன்னொரு கூட்டம் நைட்ரைட்டை நைட்ரேட்டாக மாற்றும். நைட்ரேட் அவ்வளவு கொடியதல்ல. அதைத் தண்ணீர் மாற்றித்தான் வெளியேற்ற முடியும். புதிய தொட்டியில் இந்த இரு கூட்டங்களும் நிலைகொள்ள நான்கு முதல் ஆறு வாரங்கள் ஆகும். அந்த வாரங்களில்தான் ஆமைக்கு ஆபத்து அதிகம். வாங்கிய முதல் மாதத்தில் கண் வீங்கியது என்று பலர் சொல்வதற்கு இதுவும் ஒரு காரணம்.

அவகாசத்தைக் குறைக்க ஒரு வழி உண்டு. நலமான ஆமையோ மீனோ இருக்கும் நண்பர் வீட்டுத் தொட்டியிலிருந்து பழைய ஃபில்டர் பஞ்சில் ஒரு துண்டு வாங்கி, காயவிடாமல் அதே தண்ணீரில் கொண்டுவந்து உங்கள் ஃபில்டருக்குள் வையுங்கள். பாலுக்கு உறை ஊற்றுவது போலத்தான் இது.

மீன் கடைகளில் தண்ணீர் சோதிக்கும் பெட்டி கிடைக்கும். அமோனியாவும் நைட்ரைட்டும் பூஜ்யமாக இருக்க வேண்டும். நைட்ரேட் 40 பிபிஎம் (பத்து லட்சத்தில் 40 பங்கு) அளவைத் தாண்டாமல் பார்த்துக்கொள்ளுங்கள். விளக்குக்கும் அலங்காரத்துக்கும் செலவழிப்பதற்கு முன் இந்தப் பெட்டியை வாங்குங்கள் என்பேன்.

எத்தனை நாளுக்கு ஒருமுறை தண்ணீர் மாற்றுவது?

ஃபில்டர் உள்ள தொட்டி என்றால், வாரத்துக்கு இரண்டு முறை கால் பங்கு தண்ணீர். ஃபில்டர் இல்லாத சிறு தொட்டி என்றால் தினமும் முழுவதும். இடைப்பட்ட வழி கிடையாது.

தண்ணீர் மாற்றுவதைவிட முக்கியமானது தினசரி அள்ளுதல். சமையலறைப் பயன்பாட்டுக்கு இனி வராது என்று ஒதுக்கிய ஒரு தேநீர் வடிகட்டியை நீண்ட குச்சியில் கட்டித் தொட்டியின் பக்கத்தில் தொங்கவிடுங்கள். பெட்டி ஆமையின் கழிவு விழுந்த சற்று நேரத்துக்குத் திரளாக, பழுப்பு நிறத்தில், கீரைத் துணுக்குகள் தெரிய அடியில் கிடக்கும். அப்போது ஒரே அள்ளலில் வந்துவிடும். விட்டுவிட்டால் ஆமையே அதை மிதித்து உழப்பிவிடும். பிறகு அது மூடுபனிபோலத் தண்ணீர் முழுக்கப் பரவி, பஞ்சில் போய் அடையும். அள்ளத் தவறிய ஒரு கழிவு, ஒரு வாளித் தண்ணீர் மாற்றும் வேலையை உண்டாக்கும்.

தண்ணீரை வெளியேற்ற ஒரு ரப்பர் குழாய் போதும். குழாயின் ஒரு முனையை வாயில் வைத்து உறிஞ்ச வேண்டாம், ஒருபோதும் வேண்டாம். குழாய் முழுக்கத் தண்ணீர் நிரப்பி இரு முனைகளையும் விரலால் அடைத்து, ஒரு முனையைத் தொட்டிக்குள்ளும் மறுமுனையைத் தாழ்வாக உள்ள வாளியிலும் விட்டு விரலை எடுங்கள். தானாக ஓடும். முனையைத் தொட்டியின் மூலைகளிலும் கரைப்பலகையின் அடியிலும் நகர்த்திப் போங்கள். அழுக்கு சேர்வது அங்கேதான்.

குழாய்த் தண்ணீரை அப்படியே ஊற்றலாமா? ஓர் இரவு வாளியில் வைத்தால் குளோரின் போய்விடும் என்று அம்மா சொல்கிறார்.

அம்மா சொல்வது வெறும் குளோரின் கலக்கும் ஊர்களுக்குப் பொருந்தும். குளோரின் ஒரே இரவில் பெருமளவு ஆவியாகிவிடும். இங்கே பொதுப் பயனீட்டுக் கழகம் குழாய்நீரில் குளோரமின் கலக்கிறது. குளோரினும் அமோனியாவும் சேர்ந்த அது, குழாயில் நெடுந்தொலைவு போனாலும் கிருமிநாசினித் திறனை இழக்காமல் இருக்க வேண்டும் என்பதற்காகவே சேர்க்கப்படுவது. ஓர் இரவு வாளியில் வைத்தால் போகாது.

நாம் குடிக்க அந்தத் தண்ணீர் நல்லது. ஆமைக்கும், செவுளால் மூச்சுவிடும் மீனுக்கு ஆவதுபோல உடனடியாக எதுவும் ஆகாது. ஆமை நுரையீரலால் காற்றைச் சுவாசிக்கிறது. அடிபடுவது ஃபில்டர் பஞ்சில் குடியிருக்கும் நுண்ணுயிரிகள்தான். வாரக்கணக்கில் வளர்த்ததை ஒரு வாளித் தண்ணீர் அழித்துவிடலாம். பிறகு அமோனியா ஏறும், நாற்றம் வரும், நாம் இன்னும் அதிகம் கழுவுவோம், நிலைமை இன்னும் மோசமாகும். இந்தச் சுழலில் சிக்கிய வீடுகள் நிறைய.

மீன் கடையில் விற்கும் குளோரின் நீக்கும் மருந்தை, புட்டியில் சொன்ன அளவில், தண்ணீரைத் தொட்டிக்குள் ஊற்றுவதற்கு முன் வாளியிலேயே கலந்துவிடுங்கள். குளோரமினை உடைக்கும் என்று புட்டியில் எழுதியிருக்க வேண்டும். உடையும்போது கொஞ்சம் அமோனியா மிஞ்சும். அதையும் கட்டிப்போடும் மருந்தாகப் பார்த்து வாங்கினால் நல்லது. ஃபில்டரே இல்லாமல் தினமும் முழுத் தண்ணீரையும் மாற்றுபவர்களுக்கு இது அவ்வளவு அவசியமில்லை.

ஃபில்டரை எப்படிக் கழுவுவது?

குழாயடியில் பிடித்து வெள்ளையாகும்வரை பிழியாதீர்கள். காரணம் மேலே சொன்னதுதான். தொட்டியிலிருந்து வெளியே எடுத்த பழைய தண்ணீர் வாளியில் இருக்கிறதல்லவா, அதற்குள்ளேயே பஞ்சை இரண்டு மூன்று முறை அமுக்கிப் பிழிந்தால் போதும். பழுப்பாக வந்தால் வரட்டும். சேறு போக வேண்டும், உயிர் போகக் கூடாது. நீரோட்டம் குறையும்போது கழுவுங்கள். இரண்டு பஞ்சுகள் இருந்தால் ஒரே நாளில் இரண்டையும் கழுவாதீர்கள்.

வாங்கும்போது, பெட்டியில் மீன்களுக்கு என்று போட்டிருக்கும் அளவை நம்ப வேண்டாம். ஆமை, மீனைவிடப் பல மடங்கு கழிக்கும். 80 லிட்டர் தண்ணீருக்கு 200 லிட்டர் தொட்டிக்கானது என்று குறிப்பிட்ட ஃபில்டரை வாங்குங்கள்.

எவ்வளவு செய்தும் நாற்றம் போகவில்லையே?

எப்படிப்பட்ட நாற்றம் என்று பாருங்கள். அழுகிய முட்டை நாற்றம் என்றால், எங்கோ காற்றுப் புகாத இடத்தில் சேறு தங்கியிருக்கிறது. பெரும்பாலும் கூழாங்கற்களுக்கு அடியில், அல்லது கரைப்பலகையின் கீழே. மூக்கைக் குத்தும் நெடி என்றால் அமோனியா. மீன் கவிச்சி என்றால் தின்னாமல் விட்ட தீனி. தொட்டிச் சுவரைத் தடவிப்பார்த்து விரலில் வழவழப்பு ஒட்டினால் அதுவும் ஒரு காரணம். துணியால் துடைத்துவிடலாம்.

ஆமை புகுந்த வீடு உருப்படாது என்ற பழமொழியைச் சொல்லிப் பெரியவர்கள் முகம் சுளிப்பதுண்டு. அவர்கள் நம்பிக்கையோடு வாதாட வேண்டாம். வரவேற்பறையில் நாற்றம் இல்லாமல் ஒரு மாதம் பார்த்துக்கொள்ளுங்கள். எனக்குத் தெரிந்த பல வீடுகளில் தாத்தாக்களே பிறகு தீனி போடும் பொறுப்பை எடுத்துக்கொண்டார்கள்.

அழகுக்குக் கூழாங்கல் போடலாமா?

வேண்டாம். அடியில் எதுவும் போடாத தொட்டிதான் சுத்தம் செய்ய எளிது. சின்னக் கற்களை ஆமை விழுங்கிக் குடலில் அடைத்துக்கொள்ளவும் கூடும். வெறும் கண்ணாடி பிடிக்காவிட்டால் ஆமையின் தலையைவிடப் பெரிய வழவழப்பான கற்கள் நாலைந்து வையுங்கள்.

தீனியைத் தனிப் பாத்திரத்தில் வைத்துக் கொடுத்தால் தண்ணீர் கெடாது என்கிறார்களே?

பாதி உண்மை. தீனித் துணுக்குகள் தொட்டியில் விழாது. ஆனால் தினமும் தூக்கி இடம் மாற்றினால் சில ஆமைகள் மூடிக்கொண்டு தின்னவே மறுக்கும். என் முடிவு இது: மண்புழு, நத்தை, மீன் துண்டு போன்ற கவிச்சியான தீனியை மட்டும் தனி வாளியில், தொட்டித் தண்ணீரையே ஊற்றிக் கொடுங்கள். அரைமணி நேரம் அங்கேயே விட்டால் பல ஆமைகள் கழிவையும் அங்கேயே போட்டுவிடும். கங்கோங் கீரையைத் தொட்டியில் மிதக்கவிடலாம், எளிதில் கரையாது. பப்பாளியும் வாழைப்பழமும் தண்ணீரில் விழுந்தால் குழம்பாகிவிடும். அவற்றைக் கரையில் ஓர் ஓட்டுத் துண்டின்மேல் வையுங்கள். எதுவாக இருந்தாலும் மிச்சத்தை அரைமணிக்குள் எடுத்துவிட வேண்டும். இல்லாவிட்டால் எறும்பு வரும்.

கரைப் பகுதியை எப்படிப் பராமரிப்பது?

தேங்காய் நார்த்தூள், மேலே கொஞ்சம் காய்ந்த இலை. ஈரமாக இருக்கலாம், சொதசொதவென்று இருக்கக் கூடாது. கையில் எடுத்துப் பிழிந்தால் உருண்டையாக நிற்க வேண்டும், நீர் சொட்டக் கூடாது. கழிவு தெரிந்தால் சுற்றியுள்ள தூளோடு அள்ளி எறியுங்கள். நம் காற்றின் ஈரப்பதத்தில் வெள்ளைப் பூஞ்சை வருவது சாதாரணம். அந்த இடத்தை மட்டும் எடுத்துவிட்டு, காற்றோட்டத்தைக் கூட்டினால் போதும். புளித்த வாடை வந்தால் முழுவதையும் மாற்றுங்கள்.

எறும்பும் கரப்பானும் வந்தால் பூச்சிமருந்தைத் தெளித்துவிடாதீர்கள். தொட்டியின் கால்களைத் தண்ணீர்க் கிண்ணத்தில் வைக்கலாம் என்று நம் ஊர் வழக்கம் ஒன்று சொல்லும். இங்கே அது கொசுவுக்கு வீடாகிவிடும். அந்தக் கிண்ணத்தில் சோப்புத் தண்ணீர் வைத்து ஒன்றுவிட்டு ஒரு நாள் மாற்றுங்கள்.

தீபாவளிக்கு வீடு கழுவும்போது தொட்டியையும் டெட்டால், ஃபினாயில் ஊற்றிக் கழுவலாமா?

கூடவே கூடாது. ஃபினாயில் போன்றவை ஊர்வனவற்றுக்கு நஞ்சு. கழுவிய பிறகும் பிளாஸ்டிக்கிலும் மரத்திலும் ஒட்டிக்கொண்டிருக்கும். தரையைக் கழுவும்போதுகூட ஆமை அங்கே உலவாமல், நன்றாகத் துடைத்துக் காய்ந்த பிறகு விடுங்கள்.

வழக்கமான சுத்தத்துக்கு வெந்நீரும் தேய்ப்பானும் போதும். நோய் வந்த தொட்டியைக் கிருமி நீக்க வேண்டியிருந்தால் மட்டும் வாசனை சேர்க்காத சாதாரண பிளீச். முதலில் அழுக்கை முழுவதும் தேய்த்து நீக்கிவிட வேண்டும், அழுக்கின்மேல் பிளீச் வேலை செய்யாது. அமோனியா உள்ள கழிவுநீரோடு பிளீச் கலந்தால் நச்சுவாயு வரும் என்பதாலும் முதலில் கழுவுவது கட்டாயம். பிறகு ஒரு பங்கு பிளீச்சுக்கு 30 பங்கு தண்ணீர், பத்து நிமிடம் ஊறல், வாடை அறவே போகும்வரை அலசல், வெயிலில் உலர்த்தல். அந்த நேரம் முழுக்க ஆமை வேறு அறையில் இருக்கட்டும். பஞ்சில் பிளீச் பட்டால் ஃபில்டர் மறுபடி முதல் நாளிலிருந்து தொடங்கும்.

சாம்பிராணி, ஊதுவத்தி, கொசுவத்திப் புகையும் தொட்டி இருக்கும் அறையில் வேண்டாம். நகர மன்றம் கொசுப்புகை அடிக்கும் நாளில் சன்னலை மூடிவிட்டு, தொட்டியின் மேல் ஈரத்துணி போடுங்கள்.

மஞ்சள், வேப்பிலை, கல்லுப்பு போட்டால் கிருமி வராதாமே?

நல்ல எண்ணத்தில்தான் செய்கிறார்கள். ஆனால் மஞ்சள் தூள் பஞ்சை அடைத்து, தண்ணீரைக் கலங்கவைத்து, கழிவு எங்கே கிடக்கிறது என்பதையே மறைத்துவிடும். வேப்பிலை ஊறி அழுகும். உப்பு, மருத்துவர் சொன்னால் மட்டும், சொன்ன அளவில், தனி வாளியில். கிருமியைக் குறைப்பது அள்ளுவதும் மாற்றுவதும்தான்.

ஓட்டில் பாசி படிகிறது. தேய்த்து எண்ணெய் தடவலாமா?

மெல்லிய பாசியால் தீங்கில்லை. பழைய பல்துலக்கியால், வெறும் தண்ணீரில், மெதுவாகத் தேய்த்தால் போய்விடும். தேங்காயெண்ணெய் தடவினால் ஓடு பளபளக்கும், ஆனால் அந்தப் பிசுபிசுப்பில் அழுக்கும் கிருமியும் ஒட்டும், தண்ணீரின் மேலும் எண்ணெய்ப் படலம் மிதக்கும். வேண்டாம்.

தேய்க்கும்போது ஓட்டை நன்றாகப் பாருங்கள். நகத்தால் அழுத்தினால் மெத்தென்று அமுங்கும் இடம், வெள்ளைக் குழி, செந்நிறத் திட்டு, கெட்ட வாடை இவற்றில் ஒன்று இருந்தாலும் அது பாசியல்ல, ஓட்டழுகல். மருத்துவரிடம் போக வேண்டும்.

ஆமைத் தொட்டியில் ஏடிஸ் கொசு முட்டையிடுமா?

தேங்கி நிற்கும் சுத்தமான தண்ணீர் எங்கிருந்தாலும் இடும். முட்டையிலிருந்து பறக்கும் கொசுவாக ஒரு வாரம் போதும். ஃபில்டர் ஓடி மேற்பரப்பு அசைந்துகொண்டிருக்கும் தொட்டியில் வாய்ப்புக் குறைவு. ஆமை புழுக்களைத் தின்றுவிடும் என்று நம்பியிருக்க முடியாது.

உண்மையான ஆபத்து தொட்டிக்குப் பக்கத்தில் இருக்கிறது. குளோரின் நீக்கி வைத்த வாளி, தீனி கொடுக்கும் பாத்திரம், கரையிலுள்ள செடியின் தட்டு, குளியலறையில் நிமிர்த்தி வைத்த பழைய தொட்டி. தேசியச் சுற்றுப்புற வாரிய அதிகாரிகள் வீட்டுச் சோதனைக்கு வரும்போது இவற்றையும்தான் பார்ப்பார்கள். வாளிகளை வேலை முடிந்ததும் கவிழ்த்து, விளிம்பைத் துடையுங்கள். ஏடிஸ் முட்டை நீர்மட்டத்துக்குச் சற்று மேலே சுவரில் ஒட்டியிருக்கும், காய்ந்தாலும் மாதக்கணக்கில் உயிரோடு இருக்கும். அதனால் கொட்டினால் மட்டும் போதாது, தேய்க்க வேண்டும். பூச்சாடிகளில் போடும் மணல்போன்ற கொசு மருந்தை ஆமைத் தண்ணீரில் போடாதீர்கள்.

வீட்டில் கைக்குழந்தை இருக்கிறது. பயப்பட வேண்டுமா?

கவனமாக இருக்க வேண்டும். நலமாகத் தெரியும் ஆமையின் குடலிலும் சால்மோனெல்லா கிருமி இருக்கலாம். தண்ணீரிலும் ஓட்டிலும் தொட்டிச் சுவரிலும் அது பரவியிருக்கும். சிறு ஆமைகளிடமிருந்து குழந்தைகளுக்குத் தொற்று பரவியதால்தான் அமெரிக்காவில் 1975இல், ஏறத்தாழ 10 சென்டிமீட்டருக்குக் குறைவான ஓடு கொண்ட ஆமைகளை விற்பதைத் தடை செய்தார்கள். கையளவு ஆமையைக் குழந்தை வாயில் வைத்துவிடும் என்பதே காரணம்.

ஐந்து வயதுக்குக் குறைந்த குழந்தைகள், கர்ப்பிணிகள், முதியவர்கள், நோய் எதிர்ப்புச் சக்தி குறைந்தவர்கள் ஆமையையும் அதன் தண்ணீரையும் தொடாமல் இருப்பதே நல்லது. மற்றவர்கள் தொட்டபின் சோப்புப் போட்டுக் கை கழுவ வேண்டும். இல்லப் பணிப்பெண் தொட்டியைக் கழுவுகிறார் என்றால் அவருக்குக் கையுறை வாங்கிக் கொடுங்கள், ஏன் என்றும் விளக்குங்கள். அவர் அடுத்துப் போவது சமையலறைக்குத்தான்.

அழுக்குத் தண்ணீரை எங்கே ஊற்றுவது?

கழிப்பறைக் கோப்பையில். சமையலறைத் தொட்டியில் தண்ணீரையும் ஊற்றாதீர்கள், ஃபில்டரையும் கழுவாதீர்கள். நடைபாதையில் வைத்திருக்கும் பூச்செடிக்கு ஊற்றலாம், நைட்ரேட் அதற்கு நல்ல உரம். கறிவேப்பிலை, புதினா, கொத்தமல்லித் தொட்டிகளுக்கு வேண்டாம். ஊற்றிய தண்ணீர் அடித்தட்டில் தேங்கக் கூடாது.

தொட்டியைப் பால்கனி வெயிலில் வைத்தால் கிருமி சாகாதா?

கிருமிக்கு முன் ஆமை வெந்துவிடும். கண்ணாடித் தொட்டி வெயிலில் விரைவாகச் சூடேறும், பாசியும் பெருகும். நிழல் உள்ள இடத்தில் வையுங்கள். சன்னல் கண்ணாடி வழியே வரும் வெயிலில் ஆமைக்கு வேண்டிய புற ஊதாக் கதிர் வராது என்பதால் அதற்கென்று விற்கும் விளக்கு வேண்டும்.

தண்ணீரால் நோய் வந்திருக்கிறது என்று எப்படித் தெரியும்?

கண் வீங்கி மூடியிருத்தல். கண்ணுக்குப் பின்னால், காது இருக்கும் இடத்தில் கோலிக்குண்டு போன்ற புடைப்பு. மூக்கில் நீர்க்குமிழி, வாயைத் திறந்து மூச்சுவிடுதல், ஒரு பக்கம் சாய்ந்து நீந்துதல். கண் வீக்கத்துக்கும் காதுக் கட்டிக்கும் வைட்டமின் ஏ குறைவும் காரணமாகலாம். அதனால் தண்ணீரை மாற்றிவிட்டுக் காத்திருக்காதீர்கள். எல்லாக் கால்நடை மருத்துவர்களும் ஆமையைப் பார்ப்பதில்லை. ஆமை நலமாக இருக்கும்போதே, பார்க்கும் மருத்துவமனை எது என்று தொலைபேசியில் கேட்டுக் குறித்துவையுங்கள்.

இனி வைத்திருக்க முடியாது. நம் நாட்டு ஆமைதானே, நீர்த்தேக்கத்தில் விட்டுவிடலாமா?

விடாதீர்கள். சட்டப்படி குற்றம். வீட்டில் வளர்ந்தது இரை தேடத் தெரியாமல் தவிக்கும், வீட்டுத் தொட்டியின் நோயையும் காட்டு ஆமைகளுக்குக் கொண்டுபோகும். வளர்க்கத் தெரிந்த ஒருவரிடம், தொட்டி, ஃபில்டர் எல்லாவற்றோடும் ஒப்படையுங்கள். ஆள் கிடைக்காவிட்டால் தேசியப் பூங்காக் கழகத்தின் கீழுள்ள விலங்கு, கால்நடை மருத்துவச் சேவையிடம் கேளுங்கள்.

டிசம்பர் விடுமுறைக்கு மூன்று வாரம் ஊருக்குப் போகிறோம். தொட்டியை யாரிடம் விடுவது?

பக்கத்து வீட்டில் விடுங்கள், ஆனால் வேலையைக் குறைத்துக் கொடுங்கள். புறப்படுவதற்கு ஒரு வாரம் முன்பே பஞ்சைக் கழுவிவிடுங்கள். முந்தின நாள் எல்லாவற்றையும் அலசி வைத்துவிட்டுப் போவதுதான் பலர் செய்வது. நீங்கள் விமானத்தில் இருக்கும்போது அமோனியா ஏறும். பழகாத கைகள் ஃபில்டரைத் தொடவே வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். தினமும் கழிவை அள்ளுவது, வாரம் ஒருமுறை ஒரு வாளி எடுத்து ஒரு வாளி ஊற்றுவது, இவை போதும். குளோரின் நீக்கும் மருந்தின் அளவை வாளியிலேயே மையால் எழுதிவையுங்கள்.

தீனிதான் பெரிய சிக்கல். பாசத்தில் அள்ளிப் போட்டுவிடுவார்கள், மூன்றே நாளில் தண்ணீர் கெட்டுவிடும். நலமான பெரிய ஆமைக்கு வாரத்தில் மூன்று நாள் தீனி போதும். ஒரு வேளைக்கு ஒரு பொட்டலமாக மடித்து, மேலே கிழமையை எழுதிக் கொடுத்துவிட்டு, மிச்சமுள்ள டப்பாவை உங்கள் வீட்டு அலமாரியிலேயே பூட்டிவிடுங்கள்.